காசைச் சுண்டிவிட்டுக் கட்டிய கல்யாணம்

சூதாடி ஒருவன் காதல் மேல் பந்தயம் கட்டுகிற படங்களைப் பார்க்கும்போது எனக்கு ஒரே ஒரு கேள்விதான். பந்தயம் நடப்பது அவளுக்குத் தெரியுமா? தெரியாது என்றால், மிச்சப் படத்தை எவ்வளவு அழகாக எடுத்திருந்தாலும் எனக்கு உள்ளே இறங்காது. கடைசியில் கதாநாயகன் மழையில் நனைந்துகொண்டு மன்னிப்புக் கேட்பான், வயலின் இழுக்கும், பார்க்கிறவர்கள் கண்ணைத் துடைப்பார்கள். நான் அந்த நேரத்தில் எழுந்து பிளேன்டீ ஊற்றப் போய்விடுவேன்.

1932இல் வந்த 'நோ மேன் ஆஃப் ஹெர் ஓன்' என்ற கறுப்பு வெள்ளைப் படம் என்னை எழுந்து போக விடவில்லை. கிளார்க் கேபிளும் கரோல் லம்பார்டும் சேர்ந்து நடித்த ஒரே படம். பரமவுண்ட் தயாரிப்பு, வெஸ்லி ரகிள்ஸ் இயக்கம். கேபிள் இதில் பேப் ஸ்டுவர்ட், நியூயோர்க்கில் பணக்காரர்களை வீட்டுக்கு அழைத்துச் சீட்டாடி மொட்டையடிக்கிறவன். கூட்டாளிகள் உண்டு, சீட்டுக்கட்டில் வேலை செய்து வைத்திருப்பான். சரியாகச் சொன்னால் இவன் சூதாடியே இல்லை. சூதாடிக்குத் தோற்றுவிடுவோமோ என்ற பயம் இருக்கும். பேப்புக்கு அது கிடையாது, முடிவு எப்போதும் அவன் சட்டைக் கைக்குள் இருக்கிறது.

பொலிஸ்காரர் ஒருவர் கண் வைத்துவிட்டதால் கொஞ்ச நாள் தலைமறைவாக இருக்க ஒரு சின்ன ஊருக்குப் போகிறான். அங்கே நூலகத்தில் வேலை பார்க்கிற கோனி கண்ணில் படுகிறாள். உயரத்தில் இருக்கிற புத்தகத்தை எடுத்துத் தரச் சொல்லி அவளை ஏணியில் ஏற்றிவிட்டு, இவன் கீழே நின்று அவள் காலைப் பார்ப்பான். ஹொலிவூட் தணிக்கை விதிகள் இறுகியது 1934இல்தான், அதற்கு முந்திய படம் என்பது அந்த ஏணியிலேயே தெரிந்துவிடும். கோனி ஒன்றும் அறியாத பிள்ளை இல்லை. அந்த ஊரில் மூச்சு முட்டிப்போய், எங்கேயாவது போனால் போதும் என்று இருக்கிறவள். அவன் பார்ப்பது அவளுக்குத் தெரியும். லம்பார்ட் அதை முகத்தில் காட்டுகிற விதத்துக்காகவே படத்தை இன்னொரு தடவை பார்க்கலாம்.

அப்புறம் காசு. கட்டிக்கொள்வதா வேண்டாமா என்பதைப் பூவா தலையாவுக்கு விட்டுவிடுகிறார்கள். காசு சுண்டினால் விழுந்தபடி நடக்கவேண்டும், அதுதான் பேப்பின் கொள்கை. விழுந்தது, கட்டிக்கொண்டார்கள். இது என்ன கூத்து என்று முதலில் தோன்றும். ஆனால் பந்தயம் என்று பார்த்தால் இதைவிட நேர்மையான ஒன்று இந்த வகைப் படங்களில் அபூர்வம். காசு அவள் கண்முன்னால் மேலே போகிறது, அவள் கண்முன்னால் கீழே விழுகிறது. வைத்து ஆடுவது யாருடைய வாழ்க்கை என்று இரண்டு பேருக்கும் தெரியும்.

கோளாறு வேறு இடத்தில். காசைப் பற்றிச் சொன்னவன் சீட்டுக்கட்டைப் பற்றிச் சொல்லவில்லை. நியூயோர்க் வந்ததும் தனக்கு ஒரு வேலை இருப்பதாகப் பொய் சொல்கிறான். நல்ல பெண்சாதியாக அவள் காலையில் எழுப்பிவிட, வேறு வழியில்லாமல் ஒரு பங்குத் தரகர் கம்பனிக்கு உண்மையிலேயே போய் உட்காருகிறான். படம் வந்த ஆண்டை மறந்துவிட வேண்டாம். 1929இல் பங்குச் சந்தை விழுந்து மூன்று வருடம்தான் ஆகிறது. சீட்டில் ஏமாற்றுகிறவன் திருந்திப் போய்ச் சேர்கிற கண்ணியமான இடம் வோல் ஸ்ட்ரீட்! அன்றைக்குத் தியேட்டரில் இருந்தவர்கள் வயிறு வலிக்கச் சிரித்திருப்பார்கள். இல்லாவிட்டால் பல்லைக் கடித்திருப்பார்கள்.

இந்த இடத்தில் எங்கள் பக்கத்துச் சூதை, இலங்கை மலையகத்துத் தேயிலைத் தோட்டங்களின் சூதைப் பற்றிக் கொஞ்சம் சொல்லவேண்டும். தோட்டத்தில் சம்பளம் போட்ட அன்று சாயங்காலம் லயத்துக்கு, அதாவது தொழிலாளர் வரிசை வீடுகளுக்குப் பின்னால், ஆற்றோரத்தில், கோயில் மடத்துப் பக்கம் என்று எங்கேயாவது கடதாசிக் கூட்டம், சீட்டாடுகிற கூட்டம் கூடும். முன்னூற்று நாலு என்ற சீட்டு விளையாட்டு பொழுதுபோக்கு, அதில் கெட்டுப்போனவர் யாரும் இல்லை. காசு வைத்து ஆடுவது வேறு. டவுனுக்குப் போனால் ரேஸ் புக்கி, குதிரைமேல் காசு கட்டுகிற கடை. பரீட்சை எழுதுகிற பிள்ளைகள் மாதிரி ஆண்கள் சுவரோரமாக வரிசையாக நின்று ரேஸ் தாளைப் படிப்பார்கள். குதிரை ஓடுவது இங்கிலாந்தில், அஸ்கொட்டிலோ நியூமார்கெட்டிலோ. வாழ்க்கையில் குதிரையைக் கிட்ட நின்று பார்க்காத மனுசனுக்கு எந்தக் குதிரை ஈரத் தரையில் நன்றாக ஓடும், எந்த ஜொக்கி கடைசி வளைவில் சொதப்புவான் என்பதெல்லாம் மனப்பாடம். நுவரெலியாவில் ஏப்ரல் வசந்த காலத்தில் நிஜக் குதிரைகள் ஓடும், ஆளுநர் கிண்ணம் எல்லாம் உண்டு. அது தொப்பி போட்டுக்கொண்டு வருகிறவர்களின் விழா. எங்கள் ஆட்கள் வேலிக்கு இந்தப் பக்கம்.

ஆண்கள் அங்கே வைத்து ஆடிய காசு யாருடையது? பல வீடுகளில் அது பெண் பறித்த கொழுந்தின் காசு. தோட்டத்தில் ஆணுக்கும் பெண்ணுக்கும் ஒரே நாட்சம்பளம் என்பது 1984இல்தான் வந்தது. அதற்கு முன்னும் அதற்குப் பின்னும் வெகு காலத்துக்கு, பெண்ணின் சம்பளத்தைப் புருசனோ அப்பனோ போய்க் கையெழுத்துப் போட்டு வாங்குகிற வழக்கம் இருந்தது. அவள் மலையில் அட்டைக்கடியோடு நிரை பிடித்துக்கொண்டு நிற்பாள். இங்கே அவள் பேர், அதாவது அவள் நாட்கூலி, சீட்டில் விழுந்துகொண்டிருக்கும். தான் பணயமாக இருப்பதே தெரியாத பெண்ணைப் பார்க்க எங்களுக்குப் படம் தேவையில்லை. இதனால்தான் அந்தக் கேள்வி எனக்கு முதல் கேள்வி.

புராணத்தில் தேடினாலும் இதுதான். தருமர் திரௌபதியை வைத்து ஆடியது எல்லாருக்கும் தெரியும். சபையில் அவள் கேட்ட கேள்வியும் தெரியும்: என்னை வைப்பதற்கு முன்னால் அவர் தன்னையே தோற்றுவிட்டாரா? பந்தயத்துக்கு வெளியே நிறுத்தப்பட்டவள் பந்தயத்தின் விதியைப் பிடித்துக்கொண்டு கேட்ட கேள்வி. அதற்கு அந்தச் சபையில் ஒருவராலும் ஒழுங்காகப் பதில் சொல்ல முடியவில்லை.

எங்கள் வீட்டில் அதைவிட நளன் கதைக்குத்தான் மரியாதை. ஏழரைச் சனி நடந்தால் நளன் கதை வாசிக்கவேண்டும் என்று அப்பாயி ஒற்றைக் காலில் நிற்பார். நாடு, நகரம், நகை எல்லாம் தோற்ற பிறகு, இனித் தமயந்திதானே மிச்சம், அவளை வை என்கிறான் எதிரே ஆடுகிற புட்கரன். நளன் வைக்கவில்லை. உடுத்த துணியோடு எழுந்து போகிறான். அப்பாயி இந்த இடத்தில் நிறுத்திவிட்டு எல்லாரையும் ஒரு பார்வை பார்ப்பார், முக்கியமாக வீட்டு ஆம்பிளைகளை. அவர் சொல்லாமல் விட்ட ஒன்றைப் பின்னால் நான் வியாச பாரதத்தில் படித்தேன். சூதின் சூட்சுமத்தைக் கற்றுக்கொண்டு திரும்பி வருகிற நளன், கடைசி ஆட்டத்தில் சேர்த்த பொருளோடு தமயந்தியையும் பணயமாக வைக்கிறான்! ஜெயிப்பேன் என்று தெரிந்ததும் வைத்துவிட்டான். முதலில் வைக்காமல் எழுந்தது காதலா, தோல்வி பயமா என்று அன்றிலிருந்து எனக்கு ஒரு சந்தேகம். அப்பாயியிடம் கேட்க நேரம் வாய்க்கவில்லை.

மாசி மாதம் காமன் கூத்து நடக்கும்போதும் இதே கதைதான். சிவனின் தவத்தைக் கலைக்க மன்மதனை அனுப்பி வைப்பது தேவர்கள். வேகப்போவது இவன், தாலி அறுக்கப்போவது ரதி. கெட்ட கனவு கண்டேன், போகாதே என்று அவள் மறிப்பாள், தப்பு மேளச் சத்தத்துக்கு நடுவே அழுது அழுது மறிப்பாள். ரதி வேசம் கட்டுவதும் ஆம்பிளைதான் என்றாலும் அந்த இடத்தில் லயத்துப் பெண்கள் அழாமல் இருந்து நான் பார்த்ததில்லை. அவளைக் கேட்டு யார் பந்தயம் கட்டினார்கள்?

சரி, படத்துக்கு வருகிறேன். கோனிக்கு ஒருநாள் விசயம் தெரிந்துவிடுகிறது. வீட்டில் நடக்கிற சீட்டாட்டம் ஆட்டமே இல்லை, வழிப்பறி. அவள் கூச்சல் போடவில்லை, பெட்டியைக் கட்டவில்லை. அவன் தயார் பண்ணி வைத்திருந்த கட்டைக் கலைத்துவிடுகிறாள். அவ்வளவுதான். அன்றைக்கு முதல் தடவையாக அவன் உண்மையிலேயே சீட்டாடுகிறான், எல்லாரையும் போல அடுத்த சீட்டு என்னவென்று தெரியாமல். தோற்கிறான். இந்தப் படத்தில் எனக்குப் பிடித்த காட்சி காசு சுண்டுவது இல்லை, இதுதான். அவன் அவளை ஒரு பந்தயத்துக்குள் இழுத்தான், அவள் அவனை நேர்மையான பந்தயத்துக்குள் தள்ளிவிட்டாள்.

இதே வகையில் பிரபலமானது 1955இல் வந்த 'கைஸ் அண்ட் டோல்ஸ்'. மார்லன் பிராண்டோ சூதாடி, ஜீன் சிமன்ஸ் பாவிகளைத் திருத்த வந்த மிஷன் பெண். அவளை ஹவானாவுக்குச் சாப்பிட அழைத்துப் போய்க் காட்டுகிறேன் என்று ஆயிரம் டொலர் பந்தயம். ஃபிராங்க் சினாட்ராவை வைத்துக்கொண்டு பிராண்டோவைப் பாட வைத்தவர்களின் தைரியம் தனிக் கட்டுரைக்கு உரியது. அந்தப் படத்தை நான் மன்னிப்பதற்குக் காரணம் ஒன்று உண்டு. அவன் பந்தயத்தில் ஜெயித்தும், அவள் என்னோடு வரவில்லை என்று பொய் சொல்லி ஆயிரத்தைக் கட்டிவிடுகிறான். ஜெயித்ததைத் தோற்றதாகச் சொல்கிற சூதாடியை நான் நேரில் கண்டதில்லை. எங்கள் புக்கிக்காரர்கள் எல்லாரும் இதற்கு நேரெதிர்.

படத்தைவிடப் படத்துக்கு வெளியே நடந்ததுதான் என்னை ரொம்ப நேரம் தூங்கவிடாமல் வைத்திருந்தது. படப்பிடிப்பின்போது கேபிளுக்கும் லம்பார்டுக்கும் இடையே ஒன்றும் இல்லை. அவருக்கும் கல்யாணமாகியிருந்தது, இவருக்கும் ஆகியிருந்தது. திரையில் அத்தனை நெருக்கமாக நடித்துவிட்டு அவரவர் வீட்டுக்குப் போய்விட்டார்கள். காதல் வந்தது நாலு வருடம் கழித்து, 1936இல். 1939 மார்ச்சில், 'கோன் வித் த விண்ட்' படப்பிடிப்புக்கு நடுவே கிடைத்த ஓய்வில் அரிசோனாவுக்குக் காரில் போய்க் கல்யாணம் செய்துகொண்டார்கள்.

1942 ஜனவரியில் அமெரிக்கா போருக்குள் வந்து ஒரு மாதம்தான் ஆகியிருந்தது. லம்பார்ட் தன் சொந்த மாநிலமான இந்தியானாவுக்குப் போய்ப் போர்ப் பத்திரம் விற்றார். ஒரே நாளில் இருபது இலட்சம் டொலருக்கு மேல். வேலை முடிந்தது, ரயிலில் திரும்புவதாக ஏற்பாடு. இவருக்குப் பொறுமை இல்லை, விமானத்தில் போய்விடலாம் என்கிறார். கூட வந்த அம்மாவுக்கு விமானம் என்றால் பயம். கேபிளின் விளம்பர அலுவலர் ஒட்டோ விங்க்ளருக்கும் மனசில்லை. அப்போது லம்பார்ட் சொன்ன தீர்வு: காசு சுண்டிப் பார்ப்போம். சுண்டினார்கள். லம்பார்ட் ஜெயித்தார்.

லாஸ் வேகாஸில் எரிபொருள் நிரப்பிக்கொண்டு கிளம்பிய விமானம் ஜனவரி 16 இரவு நெவாடாவில் மலையில் மோதியது. போர்க்காலம் என்பதால் வழி காட்டும் விளக்குகள் பலவற்றை அணைத்து வைத்திருந்தார்கள். இருந்த 22 பேரும் போய்விட்டார்கள், அம்மாவும் விங்க்ளரும் உட்பட. லம்பார்டுக்கு வயது 33. கேபிள் அதே வருடம் இராணுவ விமானப் படையில் சேர்ந்து, ஐரோப்பாவில் குண்டுவீச்சு விமானங்களில் பறந்தார். அதற்குப் பிறகு இரண்டு கல்யாணம் செய்தார். 1960இல் இறந்தபோது லம்பார்டுக்குப் பக்கத்தில்தான் புதைத்தார்கள்.

இந்த இரண்டு காசுகளையும் முடிச்சுப் போட்டு விதி, தலையெழுத்து என்று எழுதுகிறவர்கள் இருக்கிறார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை. காசு மலையை முன்கூட்டி அறியாது. நான் கவனித்தது வேறொன்று. விமானத்துக்கான காசிலும் ஒளிவுமறைவு இல்லை. பயந்தவர்களும் விதியை ஏற்றுக்கொண்டு ஆடினார்கள். நேர்மையாக ஆடினால் நல்லது நடக்கும் என்று யாரும் எழுதிக் கொடுக்கவில்லை. மோசடிக்காரனுக்குத் தோல்வி பயம் கிடையாது என்று மேலே சொன்னேன் இல்லையா, நேர்மையாக ஆடுகிறவர் கொடுக்கிற விலை அந்தப் பயம்தான்.

இந்தக் கதை முழுவதையும் ஒரு மழை ஞாயிற்றுக்கிழமை என் சின்ன அத்தைக்குச் சொன்னேன். மாமாவும் பக்கத்தில் ரேடியோவைத் திருகிக்கொண்டு இருந்தார். அத்தைக்குச் சொன்னதற்குக் காரணம் உண்டு. அவர் கல்யாணமே ஒரு பந்தயத்தில் ஆரம்பித்ததுதான், எங்கள் குடும்பத்தில் அது எல்லாருக்கும் தெரிந்த கதை.

எண்பதுகளின் தொடக்கம். மாமா அப்போது லொறியில் கிளீனர். சலூனில் உட்கார்ந்து கூட்டாளிகளோடு பந்தயம் கட்டுகிறார்: மாரியம்மன் திருவிழா முடிவதற்குள் மேல்கணக்கு (தோட்டத்தின் மேல்பிரிவு) லயத்துப் பெண் தன் கையால் நான் கொடுக்கிற வளையலைப் போட்டுக்கொள்வாள். ஐம்பது ரூபாய். அன்றைக்கு அது சின்னக் காசில்லை, பல நாள் பேர். தேர் அன்றைக்கு வளையல்காரரிடம் பச்சைக் கண்ணாடி வளையல் வாங்கி, சின்னப் பிள்ளை ஒன்றிடம் கொடுத்து அனுப்பினார். அத்தை போட்டுக்கொண்டார். அவருக்கும் லொறி கிளீனரைப் பிடித்திருந்தது, அதை இன்றைக்கும் மறைப்பதில்லை.

காசு தோற்ற கூட்டாளிக்கு மனசு ஆறவில்லை. கொஞ்ச நாள் கழித்துக் கொழுந்து நிறுக்கிற மடுவத்தில் வைத்து, எல்லாருக்கும் கேட்கும்படி, "ஒன் வளையலு வெல அம்பது ரூவா தெரியுமா புள்ள?" என்றிருக்கிறான். வேறு யாராவது என்றால் வளையலை உடைத்துப் போட்டுவிட்டு அழுதிருப்பார்கள். சினிமாவில் கட்டாயம் அப்படித்தான். அத்தை கூடையைக் கொட்டி நிறுத்துவிட்டு, ஞாயிற்றுக்கிழமை நேரே சலூனுக்குப் போனார். பொம்பிளைகள் அந்தப் பக்கம் எட்டிப் பார்க்காத காலம். வாசலில் நின்று, முகத்தில் பாதி சவர்க்காரம் பூசி உட்கார்ந்திருந்த மாமாவிடம் கேட்டது இது:

"ஜெயிச்ச அம்பதுல பாதிய எடு. எங் கையி இல்லாம நீ எப்புடி ஜெயிச்ச?"

மாமா துண்டோடு எழுந்து இருபத்தைந்து ரூபாய் கொடுத்தார். அதில் அத்தை ஒரு சோடி செருப்பு வாங்கினார். பெண் அழைப்புக்குப் போட்டுக்கொண்டு போனது அதைத்தான். பின்னால் மாமாவுக்கு ரேஸ் பைத்தியம் பிடித்து, ஒரு மாதம் அத்தையின் சம்பளம் வீட்டுக்கு வராமலே புக்கிக்குப் போனபோதும் அவர் கத்தவில்லை. கிளாக்கரய்யாவிடம் போய், இனி என் சம்பளம் என் கையில்தான் என்று சொல்லிவிட்டு வந்தார். அதோடு சரி. கோனி சீட்டைக் கலைத்த காட்சி எனக்கு ஏன் அவ்வளவு பிடித்தது என்று இப்போது புரிந்திருக்கும்.

படத்தின் முடிவையும் சொன்னேன். பேப் தன் பழைய கணக்கைத் தீர்க்கத் தானாகப் பொலிஸில் போய் நிற்கிறான். கோனியிடம் தென் அமெரிக்காவுக்குப் போவதாகப் பொய் சொல்லிவிட்டுச் சிறைக்குப் போய்வந்து, தென் அமெரிக்காக் கதையாக அளக்கிறான். அவளுக்கு உண்மை தெரியும். தெரிந்தும் தெரியாதவளாகக் கேட்டுக்கொண்டிருக்கிறாள். படம் முடிகிறது. நல்ல முடிவு என்று எல்லாரும் சொல்கிறார்கள், நானும் முதல் தடவை அப்படித்தான் நினைத்தேன். அத்தைக்குப் பிடிக்கவில்லை.

"தெரிஞ்சிருக்கிறத அவன்கிட்ட சொல்லணும்ல? இல்லாட்டி இப்ப இவதான சீட்ட மறைக்கிறா?"

எனக்குப் பதில் வரவில்லை. மாமாதான் ரேடியோவை நிறுத்திவிட்டு, கோனிக்குப் பரிந்து பேச வந்தார். வந்தவர் சும்மா வரவில்லை. "சில விசயம் தெரியாமலே கெடந்தா என்னா? அன்னைக்கு அந்தப் பந்தயம் அம்பது இல்ல, எழுபத்தஞ்சு. இத்தன வருசம் ஒனக்குத் தெரியாது, என்னா கொறஞ்சு போச்சு?" என்றார்.

அத்தை ஒரு நிமிசம் ஒன்றும் பேசவில்லை. மனசுக்குள் கணக்குப் போடுகிறார் என்பது விரல்களைப் பார்த்தாலே தெரிந்தது. பிறகு என் பக்கம் திரும்பி, "பன்னெண்டர ரூவா, அன்னையிலேர்ந்து வட்டி போட்டா எவ்வளவு வரும்னு அந்த போன்ல பாத்துச் சொல்லு புள்ள" என்றார். எத்தனை வீதம் போடுவது என்பதில் இரண்டு பேருக்கும் இன்னும் இணக்கம் வரவில்லை.